ஒலிபெருக்கியின் எடை

கண்டியிலிருந்து மாத்தளைக்குச் செல்லும் ஏ-9 நெடுஞ்சாலையில், அக்குறணையைத் தாண்டியதும் வருவது அலவத்துகொட. பஸ் நின்று புறப்படுவதற்குள் கடைவீதியைப் பார்த்து முடித்துவிடலாம். ஆனால் அது கண்ணால் பார்க்கும் ஊர் அல்ல, காதால் பார்க்கும் ஊர். அதிகாலையில் அங்கே நின்றால் பள்ளிவாசலின் பாங்கும், விகாரையின் பிரித் ஓதலும், மேலே தோட்டப் பக்கமிருந்து ஏதோ ஓர் அம்மன் கோயிலின் பக்திப் பாடலும் சிறிது நேர இடைவெளியில் ஒன்றன்பின் ஒன்றாக வந்துசேரும். மூன்றும் ஒலிபெருக்கி வழியாகத்தான் வருகின்றன.

கடந்த மாசியில் அந்தப் பக்கத்துத் தோட்டமொன்றின் இளைஞர் மன்றத்தினர் என்னைக் காமன் கூத்துக்கு அழைத்திருந்தார்கள். கூத்துத் தொடங்குவதற்கு முன், கோயில் களஞ்சிய அறையிலிருந்து ஓர் இரும்புப் பெட்டியை இரண்டு பேர் ஆளுக்கொரு பக்கம் பிடித்துத் தூக்கிக்கொண்டு வந்தார்கள். படியேறும்போது ஒருவர் பிடியை நழுவவிட, மற்றவர் முழங்காலில் அடி. பெட்டிக்கு ஒன்றும் ஆகவில்லை.

"ஐயா, இத தூக்கவே ரெண்டு ஆளு வேணுங்க. பாரமில்லாம, வெலயும் கொறைவா ஒண்ணு வாங்கணும். எது நல்லதுன்னு நீங்கதான் விசாரிச்சுச் சொல்லணும்" என்றார் மன்றத்தின் செயலாளர்.

பத்திரிகைக்காரனுக்கு எல்லாம் தெரியும் என்ற நம்பிக்கை மலையகத்தில் இன்னும் கொஞ்சம் மிச்சமிருக்கிறது. அதைக் கெடுக்க மனமில்லாமல் சரியென்று சொல்லிவிட்டேன். கண்டியிலும் புறக்கோட்டையிலும் கடை கடையாக விசாரித்தேன்; பழைய நூல்களையும் புரட்டினேன். கேட்ட கேள்வி ஒரு பெட்டியின் விலையைப் பற்றியது. கிடைத்த பதிலோ, இந்த மலைகளில் யாருடைய குரல் எவ்வளவு தூரம் போயிற்று என்ற பழைய கதைக்குள் என்னைக் கொண்டுபோய் விட்டது. அதைத்தான் இங்கே எழுதுகிறேன். அம்பிளிபயர் வாங்க வந்தவர்களும் பொறுத்துக்கொள்ளுங்கள், அதுவும் வரும்.

தோட்டத்தில் முதலில் இருந்த ஒலிபெருக்கி தப்புத்தான். விடியுமுன் தப்படித்தோ கொம்பூதியோ லயத்து மக்களைப் பிரட்டுக்களத்துக்கு அழைத்தார்கள். சாவுக்கும் தப்பு, சாமிக்கும் தப்பு. விறைப்பாகக் காய்ச்சிய தோலில் விழும் அடி ஒரு பள்ளத்தாக்கைத் தாண்டிக் கேட்கும். மனிதக் குரலுக்கு அந்த வலிமை இல்லை. காமன் கூத்தும் பொன்னர் சங்கரும் அருச்சுனன் தபசும் இரவு முழுக்க நடந்தபோது, சனங்கள் ஆட்டக்காரர்களைச் சுற்றி நெருங்கி வட்டமாக அமர்ந்தது பக்தியால் மட்டுமல்ல. தள்ளி இருந்தால் வசனம் கேட்காது.

குரலை மேலே கொண்டுபோக வேண்டிய தேவை அரசியலோடு வந்தது. தஞ்சாவூர்ப் பக்கத்திலிருந்து வந்து இங்கே பத்திரிகை நடத்திய கோ. நடேசய்யர், 1931இல் ஹட்டனைத் தளமாகக் கொண்டு தோட்டத் தொழிலாளர் சம்மேளனத்தை அமைத்தார். தோட்டத்துக்குள் வெளியார் நுழைந்தால் அத்துமீறல் குற்றம் என்றிருந்த காலம் அது. அவர் புடைவை வியாபாரி வேடத்தில் லயங்களுக்குள் போனார் என்பது மலையகத்தில் எல்லோரும் அறிந்த கதை. அவருடைய மனைவி மீனாட்சி அம்மையார் தாமே பாட்டுக் கட்டி, கூட்டங்களில் பாடினார். அவற்றைச் சிறு நூல்களாக அச்சிட்டும் பரப்பினார். ஏன் பாட்டு? பேச்சைவிடப் பாட்டுத் தூரம் போகும். அதோடு, கேட்டவர் அதை வாயில் ஏந்தி அடுத்த லயத்துக்குக் கொண்டுபோவார். கருவி இல்லாத இடத்தில் நினைவாற்றலே பெருக்கி.

கருவி அதற்குள் உலகத்தில் பிறந்துவிட்டிருந்தது. டென்மார்க்கில் பிறந்த பீட்டர் ஜென்சனும் அமெரிக்கரான எட்வின் பிரிதமும் கலிபோர்னியாவில் 1915இல் ஒலிபெருக்கியை உருவாக்கி, அந்த ஆண்டு நத்தார் காலத்தில் சான் பிரான்சிஸ்கோ நகரில் பெருங்கூட்டத்துக்கு இசையைக் கேட்கச் செய்தார்கள். அவர்களுடைய நிறுவனத்தின் பெயர் மேக்னவாக்ஸ். இலத்தீனில் 'பெருங்குரல்' என்று பொருள். 1919இல் சான் டியாகோவில் அமெரிக்க ஜனாதிபதி உட்ரோ வில்சன் பல்லாயிரவர் கூடிய திடலில் அதன் வழியாகப் பேசினார். நம் பக்கத்தில் அந்தப் பெருமை மோட்வானி குடும்பத்துக்கு உரியது. சிந்து மாகாணத்துச் சுக்கூரில் 1909இல் கியான்சந்த் மோட்வானி தொடங்கிய வணிகம் பின்னர் 'சிகாகோ ரேடியோ' என்ற பெயரால் அறியப்பட்டது. 1931இல் கராச்சிக் காங்கிரசில் அவர்களின் ஒலிபெருக்கிகள் ஒலித்தன. காந்தியும் நேருவும் பேசும் பழைய நிழற்படங்களில், ஒலிவாங்கியின் நெற்றியில் அந்தப் பெயரைப் பார்த்திருப்பீர்கள். டில்லியின் அஹூஜா நிறுவனம் 1940இல் வந்தது. என் தலைமுறைக்கு 'அஹூஜா' என்றாலே அம்பிளிபயர் என்று பொருள்.

ஒலிபெருக்கி என்று நாம் பொதுவாகச் சொல்வதில் மூன்று பகுதிகள் உண்டு. குரலை மின்னாக்கும் மைக், அந்த மின்னை வலுவாக்கும் அம்பிளிபயர், வலுவான மின்னை மறுபடி ஒலியாக்கும் ஸ்பீக்கர் அல்லது கொம்புக் குழாய். நடுவிலிருக்கும் அம்பிளிபயர்தான் பாரம். அதன் பாரத்துக்குக் காரணம் அதன் மூளை அல்ல, வயிறு.

வால்வு அம்பிளிபயரைத் திறந்து பார்த்தவர்களுக்குத் தெரியும். 1936இல் அமெரிக்காவின் ஆர்.சி.ஏ. நிறுவனம் கொண்டுவந்த 6எல்6 போன்ற வால்வுகள் கண்ணாடியும் தகரமுமாக, கையில் எடுத்தால் காற்றுப் போல இருக்கும். அவற்றுக்கு நூற்றுக்கணக்கான வோல்ட் மின்னழுத்தம் வேண்டும். அதற்கு இரும்புத் தகடும் செப்புக் கம்பியும் சுற்றிய ஒரு டிரான்ஸ்போமர். வால்வு தருவதை ஸ்பீக்கருக்கு ஏற்றபடி இறக்கிக் கொடுக்க இன்னொரு டிரான்ஸ்போமர். ஐம்பது வாட் பெட்டியைச் சுமப்பவர் உண்மையில் சுமப்பது இந்த இரண்டு இரும்புக் கட்டிகளையே. மின்சாரம் இல்லாத தோட்டமென்றால் லொறி பற்றரியும், அதன் 12 வோல்ட்டைத் துடிக்கவைத்து ஏற்றிக்கொடுக்கும் 'வைப்ரேட்டர்' என்ற உறுப்பும் கூடவரும். அது இடைவிடாமல் ரீங்கரிக்கும். அந்தக் காலத்துக் கூட்டங்களில் தலைவர் மூச்சுவிடும் இடைவெளிகளில் ஒரு வண்டு சத்தம் கேட்குமே, அது அதுதான்.

எழுபதுகளின் நடுவில் நான் புதிய நிருபன். கண்டிக்கு வடக்கே ஒரு தோட்டத்தில் நடந்த தொழிற்சங்கக் கூட்டத்துக்கு அனுப்பப்பட்டேன். லொறி தொழிற்சாலை முற்றத்தோடு நின்றுவிட்டது. கூட்டம் மேற்பிரிவில். அம்பிளிபயரைச் சாக்கில் கட்டி, ஒரு கழியில் தொங்கவிட்டு இரண்டு பேர் தோளில் எடுத்தார்கள். பற்றரியை ஒருவர் தலையில் வைத்துக்கொண்டார். அமிலம் சிந்தாமலிருக்க அவர் கழுத்தை அசைக்காமலே நடந்தார். இரண்டு குழாய்களையும் சிறுவர்கள் தொப்பி போலக் கவிழ்த்துக்கொண்டு ஓடினார்கள். ஒன்றரை மணி நேர ஏற்றம். பேச்சு தொடங்கி நாற்பது நிமிடத்தில் பற்றரி இறங்கிவிட்டது. குரல் முதலில் கரகரத்தது, பிறகு கிணற்றுக்குள் விழுந்தது. தலைவர் மேசையிலிருந்து இறங்கி வெறுந்தொண்டையில் பேசினார். முன்வரிசை கேட்டது. எதிர்மேட்டு லயத்து வாசலில் பிள்ளைகளோடு நின்ற பெண்களுக்குக் கேட்கவில்லை. கொஞ்ச நேரம் பார்த்துவிட்டு உள்ளே போய்விட்டார்கள்.

அப்போது நான் எழுதிய செய்தியில் அந்தப் பெண்கள் இல்லை. இந்தக் கட்டுரைக்காகப் பழைய குறிப்பேடுகளை எடுத்துப் பார்த்தேன். நான் செய்தி எழுதிய தோட்டக் கூட்டங்களில் மிகப் பெரும்பாலானவை லொறி போகும் இடங்களில்தான் நடந்திருக்கின்றன. மேற்பிரிவுகளின் பெயர்கள் அரிது. 1948ஆம் ஆண்டின் குடியுரிமைச் சட்டத்தால் நாடற்றவர்களாக்கப்பட்டு, வாக்குரிமையும் இழந்திருந்த மக்களுக்குக் கூட்டம் ஒன்றுதான் நாட்டு நடப்பைக் கேட்கும் இடம். அந்தக் கூட்டம் எந்தத் தோட்டத்துக்கு வரும், எதற்கு வராது என்பதை ஓரளவுக்காவது ஓர் இரும்புக் கட்டியின் பாரம் தீர்மானித்திருக்கிறது. தலைவர்களின் ஊக்கக் குறைவென்று அன்று நான் எண்ணியதில் பாதி, சுமப்பவரின் தோள்வலியாக இருந்திருக்கலாம்.

வால்வுக்குப் பிறகு டிரான்சிஸ்டர். பெல் ஆய்வுக்கூடத்தில் அது பிறந்தது 1947இல். ஆனால் பெரும் ஒலியைத் தாங்கும் டிரான்சிஸ்டர்கள் மலிந்தது அறுபதுகளில். ஆர்.சி.ஏ.யின் 2என்3055 அவற்றில் நம்மவர்க்கு மிகவும் பழக்கமானது. கண்டியில் வானொலி திருத்துவோர் மேசைகளில் பட்டாணி போலக் கிடக்கும். 1967இல் அமெரிக்காவின் கிரவுன் நிறுவனம் டி.சி.-300 என்ற அம்பிளிபயரை வெளியிட்டது. இரண்டு பக்கமும் 150 வாட், எடை 20 கிலோவுக்கு நெருக்கம். இது எவ்வளவு பெரிய தாவல் என்பதற்கு ஓர் ஒப்பீடு: 1969இல் வுட்ஸ்டாக் இசைவிழாவில் பில் ஹேன்லி பயன்படுத்திய மெக்கின்டோஷ் எம்.சி.-3500 வால்வுப் பெட்டி, 350 வாட்டுக்கு 57 கிலோ.

டிரான்சிஸ்டருக்கு வெளியீட்டு டிரான்ஸ்போமர் தேவையில்லை. இரண்டு இரும்புக் கட்டிகளில் ஒன்று தொலைந்தது. மற்றது இருந்தது.

1977க்குப் பிறகு இறக்குமதி திறந்துவிடப்பட்டதும் ஜப்பான் பெட்டிகள் கொழும்பில் குவிந்தன. அவற்றைப் பார்த்து உள்ளூரில் டிரான்ஸ்போமர் சுற்றி, தகரப் பெட்டி அடித்து, அம்பிளிபயர் கட்டித் தரும் தொழிலும் தழைத்தது. அலவத்துகொடத் தோட்டத்து இரும்புப் பெட்டி அந்த வகையைச் சேர்ந்தது. மூடியைக் கழற்றிப் பார்த்தேன். எட்டு டிரான்சிஸ்டர்களில் மூன்று வெவ்வேறு காலங்களில் மாற்றப்பட்டவை. யார் யாரோ திருத்தியிருக்கிறார்கள், அது ஓடிக்கொண்டே இருந்திருக்கிறது. இதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், பிறகு வேண்டும்.

மிஞ்சிய இரும்புக் கட்டியை எப்படி ஒழித்தார்கள்? சுவரிலிருந்து வரும் நம் மின்சாரம் நொடிக்கு 50 முறை அலைகிறது. டிரான்ஸ்போமர் ஒவ்வோர் அலையிலும் ஒரு மொண்டு சக்தியை இந்தப் பக்கத்திலிருந்து அந்தப் பக்கத்துக்கு இறைக்கிறது. நொடிக்கு 50 முறை மட்டுமே இறைக்கலாமென்றால் அண்டா வேண்டும். ஒரு இலட்சம் முறை இறைக்கலாமென்றால் கரண்டி போதும். மின்சாரத்தை முதலில் நேராக்கி, பின்பு மின்னணுச் சாவிகளால் மிக வேகமாக வெட்டி, உள்ளங்கைக்குள் அடங்கும் டிரான்ஸ்போமர் வழியாக அனுப்புவதே இந்த முறை. கணினிகளில் எப்போதோ வந்துவிட்டது. அம்பிளிபயருக்கு அது தாமதமாக, தொண்ணூறுகளில்தான் பரவலாக வந்தது. ஒலிப் பொறியாளர்களுக்கு அந்த வெட்டும் சத்தம் பாட்டுக்குள் கசிந்துவிடும் என்ற அச்சம் நெடுநாள் இருந்தது.

இன்னொரு மாற்றம் பெருக்கும் முறையிலேயே நிகழ்ந்தது. பழைய டிரான்சிஸ்டர் பாதி திறந்த குழாய் போல வேலை செய்யும். எப்போதும் ஏதோ ஓரளவு திறந்திருந்து, மிஞ்சியதை வெப்பமாகக் கழிக்கும். அந்த வெப்பத்தை வெளியேற்ற அலுமினியத் துடுப்புகள், அவற்றின் பாரம் வேறு. 'கிளாஸ்-டி' என்ற முறையில் டிரான்சிஸ்டர் முழுதாகத் திறக்கும் அல்லது முழுதாக மூடும், நொடிக்குப் பல இலட்சம் தடவை. திறந்திருக்கும் நேரத்தின் நீளத்தில் ஒலியின் வடிவம் எழுதப்படும். இங்கிலாந்தில் கிளைவ் சின்கிளேர் 1964இலேயே எக்ஸ்-10 என்ற பெயரில் இதை விற்றுப் பார்த்தார். அன்றைய டிரான்சிஸ்டர்களுக்கு அந்த வேகம் கைவரவில்லை. 'மொஸ்ஃபெட்' வகைச் சாவிகள் வளர்ந்த பிறகே கனவு பலித்தது. உட்கொள்ளும் மின்சாரத்தில் ஏறத்தாழ 85, 90 வீதத்தை ஒலியாக ஸ்பீக்கருக்குத் தரும் பெட்டிகள் வந்தன.

இப்போது கணக்கைப் பாருங்கள். வுட்ஸ்டாக் பெட்டியில் ஒரு கிலோவுக்கு 6 வாட். கிரவுன் டி.சி.-300இல் 15. தொண்ணூறுகளின் இரும்பு டிரான்ஸ்போமர் மரபில் வந்த க்யூ.எஸ்.சி. ஆர்.எம்.எக்ஸ்.-850, பக்கத்துக்கு 200 வாட், 16 கிலோ. ஆக ஒரு கிலோவுக்கு 25. கிளாஸ்-டி வகையிலான கிரவுன் எக்ஸ்.எல்.எஸ்.-1502, பக்கத்துக்கு 300 வாட், எடை 4 கிலோவுக்கும் சற்றுக் குறைவு. ஒரு கிலோவுக்கு 150க்கு மேல். எல்லாம் 8 ஓம் ஸ்பீக்கருக்கான கணக்கு. கழியில் தொங்கவிட்டு இரண்டு பேர் சுமந்ததை இனி ஒரு பள்ளிப் பிள்ளை புத்தகப் பையில் போட்டுக்கொண்டு மேற்பிரிவுக்கு ஏறலாம்.

மன்றத்தின் கையில் இருந்தது ஒரு இலட்சத்து இருபதாயிரம் ரூபா. 2022இன் நெருக்கடிக்கு முன் அந்தத் தொகைக்கு இருந்த மதிப்பு வேறு. அந்த ஆண்டு ரூபா சரிந்தது, இறக்குமதி முடங்கியது, மார்ச் இறுதியில் ஒரு நாளைக்கு 13 மணி நேரம்வரை மின்வெட்டும் வந்தது. ஆகவே கடைகளில் நான் விசாரித்தபோது எனக்குக் கிடைத்த முதல் பாடம், பெட்டியின் மேல் அச்சிட்ட எண்ணை நம்பாதே என்பது.

ஒரு கடைக்காரர் '3000 வாட்' என்று கொட்டை எழுத்தில் போட்ட பெட்டியைக் காட்டினார். உள்ளே கிடந்த சிறு தாளைப் படிக்கக் கேட்டேன். மிகக் குறைந்த ஓம் அளவில், இரண்டு பக்கத்தையும் கூட்டி, ஒரு கணம் மட்டும் எட்டும் உச்சத்துக்கான எண் அது. 8 ஓமில் தொடர்ந்து எவ்வளவு தரும் என்ற வரி தாளில் இல்லவே இல்லை. இந்த வித்தை புதிதல்ல. அமெரிக்காவில் இதே வாட் மோசடி முற்றிப்போய், அந்நாட்டு வணிக ஆணையம் 1974இல் வீட்டு அம்பிளிபயர்களுக்கு வாட் எப்படிச் சொல்ல வேண்டுமென்று விதியே இயற்றியது. விதிகள் இல்லாத சந்தையில் நாம்தான் கேட்க வேண்டும்: எத்தனை ஓமில், தொடர்ந்து எத்தனை வாட்?

இரண்டாவது பாடம் இதைவிடப் பெரியது. நமக்கு அவ்வளவு வாட் தேவையே இல்லை. வாட்டை இரண்டு மடங்காக்கினால் ஒலி 3 டெசிபல்தான் உயரும். காதுக்கு அது 'கொஞ்சம் கூடியிருக்கிறது' என்ற அளவு. இரண்டு மடங்கு சத்தமென்று காது உணர ஏறத்தாழ பத்து மடங்கு வாட் வேண்டும். ஸ்பீக்கரின் உணர்திறனோ அங்கேயே இலவசமாகக் கிடக்கிறது. ஒரு வாட்டுக்கு ஒரு மீட்டரில் 94 டெசிபல் தரும் ஸ்பீக்கரை விட்டு 100 தருவதை எடுத்தால், அம்பிளிபயரை நான்கு மடங்காக்கியதற்குச் சமம். திறந்த வெளியில் தூரம் இரட்டிக்கும் ஒவ்வொரு முறையும் 6 டெசிபல் குறையும். 98 டெசிபல் ஸ்பீக்கருக்கு 100 வாட் கொடுத்தால் ஒரு மீட்டரில் 118. 32 மீட்டருக்கு அப்பால் 88. அருகில் நின்று சாதாரணமாகப் பேசும் குரல் 60 அளவில் இருக்கும். கோயில் முற்றத்தின் கடைசி வரிசைக்கு இதுவே தாராளம். கொம்புக் குழாய் என்றால் இன்னும் குறைந்த வாட்டில் முடியும். நம் முன்னோர் 30, 50 வாட்டில் ஒரு தோட்டத்தையே கேட்கவைத்த இரகசியம் அந்தக் குழாயில் இருந்தது. பாட்டுக்கு அது ஆகாது, தகரத்தில் அரிசி கொட்டியது போலிருக்கும். பேச்சுக்கு இன்றும் அதற்கு ஈடில்லை.

குழாய்களைத் தூர மரங்களில் கட்டும் பழக்கம் உள்ளவர்கள் இன்னொன்றையும் பார்க்க வேண்டும். நீண்ட கம்பியில் சக்தி வீணாகாமலிருக்க 100 வோல்ட் தடத்தில் அனுப்புவது பழைய அஹூஜா வகைப் பெட்டிகளின் வழக்கம். மெலிந்த புதுப் பெட்டிகள் பலவற்றில் அந்த வசதி கிடையாது. பழைய குழாய்களை அப்படியே புதுப் பெட்டியில் மாட்டினால் முனகல்தான் வரும். ஊர்வலத்துக்கு மட்டுமென்றால், 12 வோல்ட் பற்றரியிலும் ஓடும் சிறு அஹூஜாவே போதும். ஆயிரக்கணக்கான வாட் பேச்சே வேண்டாம்.

மெலிந்த பெட்டிக்கு என் கட்சியில் ஒரு வலுவான வாதம், மின்வெட்டு. ஒரே சத்தத்துக்கு அது இழுக்கும் மின்சாரம் பழையதில் ஏறத்தாழ பாதி. சிறிய ஜெனரேட்டரே தாங்கும். எதிர்வாதமும் உண்டு. பழைய பெட்டி பழுதானால் கண்டியில் எவரும் ஒரு மாலைக்குள் டிரான்சிஸ்டரை மாற்றித் தருவார். புதியதில் உறுப்புகள் எறும்புத்தலை அளவில் பலகையோடு ஒட்டியிருக்கும்; பழுதென்றால் முழுப் பலகையையும் மாற்ற வேண்டும். பலகை வெளிநாட்டிலிருந்து வர வேண்டும். பல்லியும் எறும்பும் மலைநாட்டு ஈரமும் அதற்குப் பகை. மலிவான பெட்டி மூன்றாம் ஆண்டில் மலிவல்லாமல் போகும் இடம் இது. ஆகவே பெயர் எதுவானாலும், உதிரிப் பலகை இங்கே கிடைக்குமா என்று கேட்டு, கிடைக்குமென்று எழுத்தில் தருபவரிடமே வாங்கச் சொன்னேன்.

இவ்வளவும் சொன்ன பிறகு செயலாளர் தம்பி கேட்ட கேள்வி என்னை நிறுத்திவிட்டது. "அப்ப சத்தம் கூட்டவே முடியாதாங்க? கீழ கடைவீதி வரைக்கும் கேக்கணும்னு பெரியவங்க ஆசப்படுறாங்க."

கண்டி மாவட்டத்தில் இந்தக் கேள்விக்கு ஒரு வரலாறு உண்டு. கம்பளையில் வலஹாகொட தேவாலயப் பெரஹராவின் மேளம், பள்ளிவாசலைக் கடக்கும்போது ஒலிக்கலாமா கூடாதா என்ற வழக்கு கண்டி மாவட்ட நீதிமன்றத்தில் 1914இல் ஒருவிதமாகத் தீர்ந்தது. 1915 பெப்ரவரியில் உயர் நீதிமன்றம் அதை மாற்றித் தீர்த்தது. அந்த மே 28ஆம் திகதி, வெசாக் இரவில், கண்டி நகரில் பள்ளிவாசல் முன்னால் தொடங்கிய மோதல் நாடெங்கும் பரவி, இராணுவச் சட்டம்வரை கொண்டுபோயிற்று. அதற்கு வணிகப் போட்டி முதலான வேறு காரணங்களும் இருந்தன என்பது உண்மை. ஆனாலும் பொறி விழுந்தது ஒலியில். ஒரு வாட் அம்பிளிபயர்கூட இல்லாத காலத்தில், தோலாலும் தொண்டையாலும் எழுந்த ஒலி அது.

வெலிகமப் பள்ளிவாசல் ஒன்றின் தரப்பினர் தொடுத்த வழக்கில், 2007 நவம்பரில் அன்றைய பிரதம நீதியரசர் சரத் என். சில்வா தலைமையிலான உயர் நீதிமன்றம் எல்லா மதத்தினருக்கும் பொதுவாக ஓர் ஒழுங்கைச் சொன்னது. இரவு 10 மணி முதல் காலை 6 மணி வரை ஒலிபெருக்கிக்கு அனுமதிப் பத்திரம் கொடுக்கலாகாது. சிறப்பு விழாக்களுக்கென்றால் அயலில் குடியிருப்பவர்களின் கருத்தைக் கேட்டறிந்த பின்பே. இந்த இரண்டாவது பகுதியை நம்மவர்கள் மறந்துவிடுகிறார்கள். காமன் கூத்து இரவில் நடப்பது. பொலிசில் கையெழுத்து வாங்குவதற்கு முன் பக்கத்து வீட்டில் கேட்க வேண்டும் என்பதுதான் அதன் சாரம். அலவத்துகொடயில் பக்கத்து வீடு என்றால் மூன்று மதமும் மூன்று வழக்கங்களும்.

பெரியவர்களிடம் நானே பேசினேன். ஒரு மூலையில் பெரிய ஸ்பீக்கரை வைத்து அலறவிடுவதற்குப் பதில், சிறிய ஸ்பீக்கர்கள் நான்கைச் சனங்கள் இருக்கும் இடத்துக்கு அருகில், தலைக்கு மேலே சற்றுக் கீழ்நோக்கிச் சாய்த்துக் கட்டினால் உள்ளே ஒவ்வொரு சொல்லும் தெளியும், வெளியே சத்தம் குறையும் என்றேன். ஒரு முதியவர் ஒத்துக்கொள்ளவில்லை. "அந்தக் காலத்துல மாத்தள ரோடு வரைக்கும் கேக்கும்" என்று சொல்லிக்கொண்டே இருந்தார். அவரையும் குறை சொல்வதற்கில்லை. மேற்பிரிவில் பிறந்து, கேட்கப்படாமலே வாழ்ந்தவர். தன் கோயிலாவது கடைவீதிக்குக் கேட்கட்டுமே என்ற ஆசை எனக்கு விளங்காமலில்லை. கிழக்குப் பக்கத்து ஸ்பீக்கரை மட்டும் கொஞ்சம் உயர்த்திக் கட்டுவதென்று முடிவாயிற்று. அதையும் பகல் விழாக்களுக்கு மட்டும்.

கடைசியில் வாங்கியது பாவித்த கிளாஸ்-டி பெட்டி ஒன்று. 8 ஓமில் பக்கத்துக்கு 200 வாட், எடை 5 கிலோ. விற்றவரின் முன்னிலையிலேயே இரண்டு மணி நேரம் ஓடவிட்டுப் பார்த்தோம். காற்றாடி சத்தம் மாறவில்லை, மூடி சூடேறவில்லை. மிஞ்சிய பணத்தில் உணர்திறன் கூடிய இரண்டு ஸ்பீக்கர்களும், நல்ல கம்பியும், ஒரு மைக்கும். மீதி இரண்டு ஸ்பீக்கர்கள் அடுத்த ஆண்டுக்கு. பழைய இரும்புப் பெட்டியை இரும்புக்குப் போட வேண்டாமென்று கேட்டுக்கொண்டேன். அது இன்னும் களஞ்சிய அறையில்தான் இருக்கிறது. புதியது திருத்தப் போகும் நாளில் அதைத்தான் எடுக்க வேண்டியிருக்கும். தூக்குவதற்கு இரண்டு பேரை இப்போதே பேசிவைத்திருக்கிறார்கள்.